சாமுராய்களும் செஞ்சி ராஜாவும்

சாமுராய் என்றதும் நம்மில் பலருக்குக் கண்முன் வருவது ஒரே காட்சிதான். குடுமி, இடுப்பில் இரண்டு வாள், காற்றில் ஆடும் புல், எதிரே ஒருவன். ஒரு வீச்சு, அவ்வளவுதான், கதை முடிந்தது. நம்ம ஹாஸ்டல் டி.வி. ஹாலில் பரீட்சைக்கு முதல் நாள் ராத்திரி கூட இந்தப் படங்களுக்குக் கூட்டம் குறைந்ததில்லை என்பது நண்பர்களுக்கு ஞாபகம் இருக்கும். மலருக்கு எழுத உட்கார்ந்தபோது அந்தப் படங்களில் எவ்வளவு சரித்திரம் என்று பார்க்கலாமே என்று தோன்றியது. பார்க்கப் பார்க்க, ஜப்பானை விட்டு நம் பக்கத்துச் செஞ்சிக்கு வந்து நின்றேன். எப்படி என்று சொல்கிறேன்.

முதலில் ஜப்பான் சமாசாரம். 1603 முதல் 1868 வரை தொக்குகவா வம்சத்தின் ஆட்சி. இதில் பெரும்பகுதி காலம் நாட்டில் போரே கிடையாது. அப்படியானால் சாமுராய் என்ன செய்தான்? கணக்கு எழுதினான், கிடங்கைப் பார்த்துக்கொண்டான், கோட்டை வாசலில் முறை வைத்துக் காவல் நின்றான். சம்பளம் அரிசிக் கணக்கில். 'கொக்கு' என்று ஒரு அளவை. ஒரு ஆள் ஒரு வருஷம் சாப்பிடும் அரிசி என்று வைத்துக்கொள்ளலாம். வாள் இருந்தது, வேலை என்னவோ குமாஸ்தா வேலை. சாமுராய் தர்மத்துக்கு வேதம் மாதிரி இன்று சொல்லப்படும் 'ஹாகாகுரே' என்ற நூலைச் சொன்ன யமமோத்தோ த்சுனெத்தோமோ ஒரு போரிலும் கலந்துகொண்டவர் இல்லை. அவர் சொல்லச் சொல்ல அது எழுதப்பட்டது 1709க்கும் 1716க்கும் இடையில். இந்த வருஷங்களைக் கொஞ்சம் மனசில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஜப்பானியர் திரும்பத் திரும்பப் படம் எடுக்கும் கதை நாற்பத்தேழு ரோனின் கதை. ரோனின் என்றால் எஜமானனை இழந்த சாமுராய். 1701இல் அக்கோ நாட்டுப் பிரபு அசானோ, எடோ கோட்டைக்குள் கிரா என்ற அதிகாரியின் மேல் வாளை உருவினார். கோட்டைக்குள் வாள் உருவுவது குற்றம். அன்றைக்கே வயிற்றைக் கிழித்துக்கொண்டு சாகும்படி உத்தரவு. அவருடைய ஆட்கள் காத்திருந்து, 1703 தொடக்கத்தில் ஒரு பனி இரவில் கிராவின் வீட்டுக்குள் புகுந்து அவர் தலையை எடுத்தார்கள். பிறகு அவர்களில் 46 பேருக்கும் அதே தண்டனை. அசானோ ஏன் வாளை உருவினார் என்பது இன்றுவரை நிச்சயமாகத் தெரியாது. நாடகக்காரர்களுக்கு அந்த இடைவெளி போதாதா? 1748இல் இது 'சூஷிங்குரா' என்ற பொம்மலாட்டமாக ஒசாக்காவில் மேடை ஏறியது. நடந்ததை நடந்தபடி காட்ட அரசாங்கம் விடாது; அதனால் கதையை நாலு நூற்றாண்டு பின்னால் தள்ளி, பெயர்களை மாற்றிப் போட்டார்கள். அப்புறம் சினிமா வந்தது. மிஸோகுச்சி 1941, 42இல் எடுத்தார், இனாகாக்கி 1962இல் எடுத்தார், என்.எச்.கே. தொலைக்காட்சி 1964இல் வருஷம் முழுக்கத் தொடராகவே போட்டது.

இப்போது நம்ம ஊருக்கு வருவோம். புதுப்பட்டினத்துக்குப் பக்கத்திலேயே சதுரங்கப்பட்டினத்தில் டச்சுக்காரர் கோட்டை இருக்கிறதே, அந்த டச்சுக் கம்பெனிதான் 1641இலிருந்து நாகசாகியில் தெஜிமா என்ற தீவில் உட்கார்ந்து ஜப்பானோடு வியாபாரம் செய்தது. சோழமண்டலக் கரையின் கோடு போட்ட பருத்தித் துணி கப்பல் ஏறி ஜப்பான் போனது. சாந்தோம் பெயராலேயே 'சாந்தோமே' என்று அங்கே அதற்குப் பெயர். துணி போயிற்று, கதை போகவில்லை. ஏனென்றால் அதே காலத்தில் இங்கேயும் ஒரு கதை உருவாகிக்கொண்டிருந்தது. ஹாகாகுரே எழுதப்பட்ட அந்த வருஷங்களுக்குள்ளேயே, 1714 அக்டோபர் 3ஆம் தேதி, செஞ்சிக்குப் பக்கத்தில் ஒரு வெளியில் தேசிங்கு ராஜா செத்தான்.

தேசிங்கு தமிழன் இல்லை என்பது சிலருக்கு இன்னும் ஆச்சரியமாக இருக்கிறது. பெயர் தேஜ்சிங். புந்தேல்கண்டத்து ராஜபுத்திரன். தகப்பன் சரூப்சிங், ஒளரங்கசீப் கொடுத்த ஃபர்மானின் பேரில் செஞ்சிக் கோட்டைக்குக் காவல் தலைவன். 1714இல் அவர் இறந்ததும் மகன் வடக்கேயிருந்து வந்து கோட்டையை ஏற்றுக்கொண்டான். வயது 22 என்று சொல்கிறார்கள். ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லாகான் இரண்டு கேள்வி கேட்டார். பாக்கி 70 லட்சம் ரூபாய் என்ன ஆச்சு? ஃபர்மான் கொடுத்த பாதுஷா 1707லேயே போய்விட்டாரே, இப்போதுள்ள டில்லி பாதுஷா அதைப் புதுப்பித்தாரா? தேசிங்கு பழைய ஃபர்மானைக் காட்டினான். செல்லாது என்றார்கள். சண்டைக்குக் காரணம் இதுதான். இன்றைய பாஷையில் சொன்னால், குத்தகை புதுப்பிக்காத வழக்கும் வரி பாக்கி நோட்டீசும்.

பத்து மாதம்கூட நிறைவாக ஆளாத ஒரு பையனைத் தென்னாற்காடு, செங்கல்பட்டுக் கிராமங்கள் இருநூறு வருஷம் பாடி வைத்திருந்தன. பெரிய எழுத்துப் புத்தகமாக 'தேசிங்குராஜன் கதை' சந்தைகளில் விற்றது, கூத்தாகவும் ஆடினார்கள். அதில் ஃபர்மான் தகராறு அதிகம் இல்லை. டில்லியில் யாராலும் அடக்க முடியாத குதிரையைத் தேசிங்கு அடக்குகிறான். சிங்கவரம் ரங்கநாதரிடம் உத்தரவு கேட்கப் போகிறான். பெருமாள் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். (நம்ம மாமல்லபுரத்துக்காரர்கள் சிங்கவரம் போனால் வீட்டுக்கு வந்த மாதிரி இருக்கும். அதுவும் பல்லவர் குடைந்த குகைக் கோயில், பெருமாள் சயனக் கோலம்.) கல்யாண மாலையோடு இருந்த நண்பன் முகம்மதுகான், சேதி கேட்டதும் பந்தலை விட்டுக் குதிரை ஏறி வருகிறான். கடைசியில் தேசிங்கு தன் வாளை மேலே எறிந்து மார்பில் ஏந்தி உயிர் விடுகிறான். சரித்திரப் புத்தகங்களோ துப்பாக்கிக் குண்டு என்கின்றன. பாருங்கள், பாட்டுக்காரருக்கு ஜப்பான் என்று ஒரு தேசம் இருப்பதே தெரிந்திருக்காது. ஆனாலும் குண்டடி பட்டுச் சாகும் வீரனை அவராலும் ஏற்க முடியவில்லை, வாளைக் கொடுத்துவிட்டார்.

இந்த இடத்தில் குரோசவாவைச் சொல்லித்தான் ஆக வேண்டும். 1954இல் வந்த 'ஏழு சாமுராய்' படத்தில் நாலு சாமுராய் சாகிறார்கள். நாலு பேருமே துப்பாக்கியால் சாகிறவர்கள்தான். வாளால் ஒருவன்கூட இல்லை. அதோடு, தலைவன் காம்பெய் படம் முழுக்க என்ன செய்கிறான்? காகிதத்தில் நாற்பது வட்டம் போட்டு, ஒரு கொள்ளைக்காரன் செத்தால் ஒரு வட்டத்தை அடிக்கிறான். கிராமத்தைச் சுற்றி நடந்து, எந்தப் பக்கம் வேலி, எந்தப் பக்கம் தண்ணீர், எங்கே வேண்டுமென்றே வழி விடுவது என்று திட்டம் போடுகிறான். வீரத்தை எஞ்சினியர் வேலையாகக் காட்டிய படம் என்று நான் சொல்லுவேன். 2003இல் ஹாலிவுட் எடுத்த 'கடைசி சாமுராய்' இதற்கு நேர் எதிர். அதில் கலகக்காரர்கள் துப்பாக்கியைத் தொடுவதே பாவம் என்பது போல வாளோடு பாய்கிறார்கள். 1877இல் நிஜமாகக் கலகம் செய்த சாய்கோவின் ஆட்களிடம் துப்பாக்கியும் இருந்தது, பீரங்கியும் இருந்தது. தோட்டாதான் தீர்ந்துபோயிற்று.

காம்பெய் மாதிரி நாமும் செஞ்சிக்கு ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாமே. செஞ்சிக்குப் போய்வந்த எல்லாரும் கேட்கிற கேள்வி ஒன்று உண்டு: இவ்வளவு பெரிய கோட்டையை வைத்துக்கொண்டு இந்த ராஜா ஏன் வெளியே போய்ச் செத்தான்? நியாயமான கேள்வி. ராஜகிரி சுமார் 800 அடி உயரம். உச்சிக்குக் கீழே சுமார் 24 அடி அகலம், 60 அடி ஆழத்தில் ஒரு பிளவு. அதன் மேல் பலகைப் பாலம். பாலத்தை இழுத்துவிட்டால் பத்துப் பேர் ஒரு படையை நிறுத்தலாம். ஜுல்ஃபிகார்கான் 1690இல் முற்றுகை போட்டு 1698இல்தான் உள்ளே வந்தான். தேசிங்கு கதவைச் சாத்திக்கொண்டு இருந்திருக்கக் கூடாதா?

ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி மூன்று மலையையும் சேர்த்து ஓடும் சுவரின் நீளம் சுமார் 13 கிலோமீட்டர். தேசிங்கிடம் இருந்தது 350 குதிரை வீரர், 500 காலாள். மொத்தம் 850. ஒருவர் விடாமல் சுவர்மேல் நிறுத்தினாலும் 15 மீட்டருக்கு ஒரு ஆள். மனுஷன் தூங்க வேண்டாமா? மூன்று ஷிஃப்ட் என்றால் 45 மீட்டருக்கு ஒருவன். ராத்திரி அந்த இருட்டில் பக்கத்துக் காவல்காரன் இருக்கிறானா போய்விட்டானா என்றுகூடத் தெரியாது. கீழ்க்கோட்டையை விட்டுவிட்டு உச்சியில் ஏறி உட்காரலாம்தான். ஆனால் ஊர், களஞ்சியம், லாயம் எல்லாம் கீழே. ஊரையும் குதிரையையும் எதிரிக்கு விட்டுக்கொடுத்துவிட்டு மலைமேல் எத்தனை நாள் ராஜாவாக இருப்பது? இந்தக் கணக்கு கற்பனை இல்லை என்பதற்குப் பின்னால் நடந்ததே சாட்சி. 1750இல் பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி இதே செஞ்சியை ஒரே ராத்திரியில் பிடித்தான். எட்டு வருஷம் எங்கே, ஒரு ராத்திரி எங்கே! கல் அதே கல்தான். ஆகவே தேசிங்கு வெளியே பாய்ந்ததை வெறும் இளங்கன்றின் துடுக்கு என்று நான் நினைக்கவில்லை. இருந்த ஆட்களை வைத்துச் செய்யக்கூடியது குதிரைப் பாய்ச்சல் ஒன்றுதான்.

இதில் ஒன்றும் சினிமாவில் இல்லை. 1960இல் வந்த 'ராஜா தேசிங்கு' டி.ஆர்.ரகுநாத் இயக்கிய படம். எம்.ஜி.ஆர்., பானுமதி, பத்மினி, எஸ்.எஸ்.ராஜேந்திரன் என்று பெரிய கூட்டம். எம்.ஜி.ஆருக்கு இரட்டை வேடம். தேசிங்கு ஒருவன், சகோதரன் தாவூத்கான் இன்னொருவன். எம்.ஜி.ஆர். வாள் பிடிக்கிற அழகைப் பற்றிக் குறை சொல்ல நான் யார்! ஆனால் அந்தச் சகோதரன் விஷயத்தில் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. தேசிங்குக்காகச் செத்த முகம்மதுகான் அவனுக்கு ரத்த உறவு இல்லை. கூடப் பழகிய சிநேகிதன், அவ்வளவுதான். ராஜபுத்திரன் ஒருவனும் முஸ்லிம் ஒருவனும் ஒரே வெளியில் ஒரே பக்கம் நின்று செத்ததற்குப் பாட்டுக்காரர் எந்த விளக்கமும் கொடுக்கவில்லை. கேட்ட ஜனங்களும் கேட்கவில்லை. சினிமாவுக்குத்தான் ஒரு சகோதர பாசமும் தேவைப்பட்டது. எதிரி பக்கமும் அப்படித்தான். தேசிங்கின் மனைவி சிதையில் ஏறியதைக் கேட்ட நவாப், அவள் நினைவாக ஒரு ஊருக்கே பெயர் வைத்தார் என்பது வழிவழி வந்த செய்தி. இராணிப்பேட்டை அதுதான்.

ஜப்பானியருக்கும் வெட்டுக்குத்துப் படங்கள் ஏராளம். ஆனால் அவர்கள் அதோடு நிறுத்தவில்லை. கோபயாஷியின் 'ஹராகிரி' 1962இல் வந்தது. வறுமையில் வாளை விற்றுவிட்டு மூங்கில் வாள் வைத்திருக்கும் ஒரு ரோனினை அந்த மூங்கிலாலேயே வயிற்றைக் கிழிக்கச் சொல்லும் பெரிய மனுஷர்களைப் பற்றிய படம். பார்த்துவிட்டுச் சோறு இறங்காது. யமதா 2002இல் எடுத்த 'அந்தி நேர சாமுராய்' படத்தின் நாயகன் கோட்டைக் கிடங்கில் கணக்கு எழுதுபவன். சம்பளம் 50 கொக்கு, வீட்டில் இரண்டு பெண் குழந்தைகள், ஞாபகமறதியான தாயார், தலைக்குமேல் கடன். ஒரே சமூகத்தைப் பற்றி இப்படி நாலு பக்கமும் நின்று படம் எடுத்திருக்கிறார்கள். தேசிங்குக்கு நாம் கொடுத்தது குதிரையும் வாளும் மட்டும்தான். 70 லட்சம் பாக்கி, பழைய ஃபர்மான், 13 கிலோமீட்டர் சுவர், 850 ஆள், இவற்றை வைத்து ஒரு படம் எடுத்தால் அந்த 22 வயசுப் பையன் இன்னும் நெருக்கமாகத் தெரிவான்.

2025 ஜூலையில் யுனெஸ்கோ மராட்டியர் கோட்டைகள் பன்னிரண்டை உலகப் பாரம்பரியச் சின்னங்களாக அறிவித்தது. அதில் தமிழ்நாட்டில் உள்ளது செஞ்சி ஒன்றுதான். சிவாஜி 1677இல் பிடித்ததால் கிடைத்த கௌரவம். பாவம் தேசிங்கு, அதிலும் அவன் பேர் இல்லை.

நண்பர்கள் குடும்பத்தோடு போவதானால் திண்டிவனம் போய் மேற்கே திரும்பினால் செஞ்சி. ராஜகிரி ஏறி இறங்கிய களைப்பில் திரும்பிவிடாதீர்கள். செட்டிகுளத்தின் கரையில் தேசிங்கையும் மனைவியையும் எரித்த மேடை என்று ஒன்றைக் காட்டுவார்கள். அங்கிருந்து விசாரித்துக்கொண்டு நீலாம்பூண்டிக்கும் போங்கள். முகம்மதுகானும் அவன் குதிரை நீலவேணியும் அடங்கியது அந்த ஊரில்தான்.