ரோடோடென்ட்ரான்

எரிக்கேசியே குடும்பத்தைச் சேர்ந்த, ஏறத்தாழ 1,000 இனங்கள் கொண்ட பூக்கும் தாவரப் பேரினம். அசேலியாக்களும் இதில் அடங்கும். இமயமலையிலும் தென்மேற்குச் சீனாவிலும் இனங்கள் மிகுதி.

செம்மலர் தரும் ஆர்போரியம் இனம் மரமாக வளர்வது. நேபாளத்தின் தேசிய மலர். இதன் துணையினங்களுள் நிலகிரிக்கம் (காட்டுப்பூவரசு) நீலகிரி, பழனி மலைகளின் சோலை விளிம்புகளிலும், சைலானிக்கம் இலங்கையின் மத்திய மலைநாட்டிலும் வளர்கின்றன. தாவரவியலாளர் ஜோசப் டால்டன் ஹூக்கர் 1848–1850இல் சிக்கிமில் திரட்டிய ரோடோடென்ட்ரான் இனங்கள் பிரித்தானியத் தோட்டங்களின் தோற்றத்தையே மாற்றின. குளிர் தாங்கும் இனங்களுடன் ஆர்போரியத்தைக் கலந்து சிவப்புப்பூக் கலப்பினங்கள் பல உருவாக்கப்பட்டன.

சிறு தோட்டத்துக்கு மிகப் பொருத்தமானவை, ஜப்பானின் யாகுஷிமா தீவைச் சேர்ந்த யகுஷிமானமும் அதன் கலப்பினங்களும்: குட்டையானவை, அடர்த்தியானவை, தளிர்களில் வெண்பஞ்சுப் படலம் காணப்படும். உறைபனியற்ற இடங்களுக்குத் தென்கிழக்காசியாவின் வைரேயா வகைகள் ஏற்றவை.

மண் அமிலத்தன்மையுடன் (காரகாடித்தன்மை 4.5–6) இருத்தல் இன்றியமையாதது, சுண்ணாம்பு மண்ணில் இரும்புச்சத்து கிட்டாமல் இலை மஞ்சளாகும். வேர்கள் மெல்லியவை, மேலோட்டமானவை. ஆழ நடுதலும் வேரடியைக் கொத்துதலும் கேடு. இலைமக்கு மூடாக்கு நன்று. பல இனங்களின் இலையிலும் தேனிலும் கிரேயனோடாக்சின் நஞ்சு உள்ளதால், கால்நடைகள் மேயும் இடங்களில் நடலாகாது.