யொசெமிற்றி மலைகளும் அனுமதிப்பத்திரமும்

ஐக்கிய அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்திலே, சியரா நெவாடா மலைத்தொடரின் மேற்குச் சரிவில் யொசெமிற்றித் தேசியப் பூங்கா அமைந்துள்ளது. அதன் உள்மலைகளிற் கூடாரமிட்டு ஓரிரவேனும் தங்க விரும்பும் எவரும் முன்னதாக அனுமதிப்பத்திரம் பெறுதல் வேண்டும். எந்நாளில், எப்பாதையின் வாயிலால் உட்புகுவது என்பது அதிலே குறிக்கப்பட்டிருக்கும். சுதந்திரத்தின் உறைவிடமென அமெரிக்கர் போற்றும் மலைகளுக்குள் நுழைவதற்கு ஒரு சீட்டு வேண்டியதாயிற்று ஏன்? இவ்வினாவை ஆராயப் புகுவோர், அம்மலைகள் யாருக்குரியன என்ற பழைய வினாவையும் எதிர்கொள்ள நேரிடும்.

பூங்காவின் வரலாற்றைக் கூறுவோர் பெரும்பாலும் 1864 இலிருந்து தொடங்குவர். அவ்வாண்டு ஜூன் 30 ஆம் நாள் ஆபிரகாம் லிங்கன் கைச்சாத்திட்ட சட்டம் யொசெமிற்றிப் பள்ளத்தாக்கையும் மாரிப்போசாப் பெருமரச் சோலையையும் பொதுமக்களின் பயன்பாட்டுக்கென மாநில அரசிடம் ஒப்படைத்தது. ஆயின், அதற்குப் பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன்னரே, 1851 இல், தங்கம் தேடி வந்தோரிடையே திரட்டப்பட்ட மாரிப்போசாப் படை அப்பள்ளத்தாக்கினுட் புகுந்திருந்தது. அங்கு வாழ்ந்த ஆவானீச்சி மக்களின் குடில்களையும், அவர்கள் உணவுக்கெனச் சேமித்து வைத்த ஓக் மரக் கொட்டைகளையும் அது தீக்கிரையாக்கியது. வெளியேற்றப்பட்டோருட் சிலர் பின்னர் மெல்லத் திரும்பி வந்து தம் பள்ளத்தாக்கிலேயே கூலியாட்களாக வாழ்ந்தனர். அம்மலைகளில் யார் இருக்கலாம், யார் இருக்கலாகாது என்பதை அரசு முதன்முதலாகத் தீர்மானித்த ஆண்டு 1851 என்றே நாம் கொள்ளவேண்டும்.

1890 ஒக்ரோபர் 1 ஆம் நாள் பள்ளத்தாக்கைச் சூழ்ந்த உயர்நிலம் தேசியப் பூங்காவாக்கப்பட்டது. அடுத்த ஆண்டு முதல் கோடைகாலங்களில் அதனைக் காவல்செய்தவர்கள் குதிரைப்படை வீரர்கள். அவர்களுடைய தலையாய பணி ஆட்டு மந்தைகளைத் தடுப்பதாகும். அத்துமீறி மேய்ப்போரைத் தண்டிப்பதற்குச் சட்டத்தில் இடமிருக்கவில்லை. எனவே படையினர் ஓர் உபாயம் கண்டனர்: இடையனைப் பூங்காவின் ஓர் எல்லையிலும் அவனது மந்தையை எதிர் எல்லையிலும் கொண்டுபோய் விட்டனர். அவன் மலைகளைச் சுற்றி வந்து சேருமுன் ஆடுகள் சிதறிப்போகும். சட்டத்தின் குறையைப் புவியியல் நிறைவுசெய்தது எனலாம். இம்மலைகளுக்காகக் குரல்கொடுத்தோருள் முதன்மையானவராகிய ஜோன் மியூர், 1869 ஆம் ஆண்டுக் கோடையில் ஓர் ஆட்டு மந்தையுடனேயே இங்கு திரிந்தவர் என்பதையும் இடையில் நினைவுகூரலாம்.

உல்லாசப் பயணிகளைப் பொறுத்தவரை நிலைமை முற்றிலும் வேறு. அவர்களை வரவேற்பதே நிருவாகத்தின் நோக்கமாயிருந்தது. 1913 இல் மோட்டார் வண்டிகள் அனுமதிக்கப்பட்டன. 1916 இல் தேசியப் பூங்காச் சேவை நிறுவப்பட்டது. 1954 இல் ஓராண்டு வருகை பத்து இலட்சத்தைத் தாண்டியது. எனினும் நெடுங்காலம் வண்டி செல்லும் வழிகளிலேயே கூட்டம் நின்றது. உள்மலைகளை அவற்றின் அருமையே காத்தது. நைலோன் கூடாரமும், அலுமினியச் சட்டமிட்ட முதுகுப்பொதியும், நீர்நீக்கிய உணவும் கடைகளில் எளிதாகக் கிடைக்கத் தொடங்கியபின் அக்காவல் தளர்ந்தது. கழுதையும் வழிகாட்டியுமின்றி ஓர் இளைஞன் ஒரு வாரத்துக்கு வேண்டியவற்றைத் தானே சுமந்து செல்லலாயினான். 1964 இல் நிறைவேற்றப்பட்ட வனாந்தரச் சட்டம், மனிதன் வந்துபோகும் விருந்தினனேயன்றித் தங்கி வாழ்பவனல்லன் என்று வனாந்தரத்துக்கு இலக்கணம் வகுத்ததோடு, தனிமையை அனுபவிக்கும் வாய்ப்பையும் அதன் பண்புகளுள் ஒன்றாகக் குறித்தது. ஏரிக்கரைகளிற் புல் தேய்ந்து, விறகு அருகி, கரடிகள் பயணிகளின் உணவுக்குப் பழகிவிட்ட காலத்தில் அத்தனிமையை எங்கே தேடுவது?

1972 இல் யொசெமிற்றியின் உள்மலைகளில் இராத்தங்குவோர்க்கு அனுமதிப்பத்திரம் கட்டாயமாக்கப்பட்டது. எத்தனை பேர், எவ்வழியால், எத்தனை இரவுகள் சென்றனர் என்பதை நிருவாகம் அப்பத்திரங்களாலேயே செவ்வையாக அறிந்தது. இத்தரவுகளைப் பயன்படுத்தியவர் பூங்காவின் ஆய்வறிஞர் யான் வான் வாக்டென்டொங்க். அவர் மலைப்பரப்பைப் பயண வலயங்களாகப் பிரித்து, ஒவ்வொன்றின் பரப்பளவையும் பாதைகளின் நீளத்தையும் கொண்டு அது தாங்கக்கூடிய மக்கள்தொகையைக் கணித்தார். நிலத்தின் எளிதிற் சிதையும் இயல்புக்கேற்ப அத்தொகையைக் குறைத்தார். பின்னர், மக்கள் உண்மையில் எவ்வாறு நடமாடினர் என்பதைக் கணனி மாதிரியால் ஆராய்ந்து, ஒவ்வொரு வாயிலாலும் நாளொன்றுக்கு எத்தனை பேரை உள்ளே விடலாம் என்று வகுத்தார். 1977 இல் இம்முறை நடைமுறைக்கு வந்தது.

இதன் சிறப்பைப் பிற பூங்காக்களோடு ஒப்பிட்டே உணரலாம். கிராண்ட் கன்யன், கிளேசியர் முதலியவற்றில் எவ்விரவு எவ்விடத்தில் உறங்குவது என்பதும் முன்கூட்டியே நிச்சயிக்கப்படுகிறது. களைத்தவனும் நோயுற்றவனும் அன்றைய இடத்தை அடைந்தே ஆகவேண்டும். யொசெமிற்றியிலோ கட்டுப்பாடு வாயிலோடு பெரிதும் நின்றுவிடுகிறது. உள்ளே சென்றவன் சில பொது விதிகளுக்கமைய விரும்பிய இடத்திற் கூடாரமிடலாம். சுதந்திரத்தைக் காப்பதற்கே கட்டுப்பாடு என்ற கூற்றை ஆட்சியாளர் வாயிலிருந்து கேட்கும்போது நாம் ஐயுறுவது வழக்கம். இங்கு அக்கூற்றில் ஓரளவு உண்மை உண்டென்பது என் கருத்து.

எண்ணிக்கையை வரையறுத்தபின் அதனை யாருக்குப் பங்கிடுவது என்ற சிக்கல் எழுந்தது. ஹாவ் டோம் என்னும் கருங்கற் குன்றின் இறுதி 400 அடிச் சரிவில் 1919 இல் இரும்பு வடங்கள் பொருத்தப்பட்டன. நெரிசல் மிகுந்து, இடையில் நின்று இறங்கவும் ஏறவும் முடியாத நிலை தோன்றவே, 2010 முதல் பகலில் ஏறுவோர்க்கும் பத்திரம் தேவையாயிற்று. பெரும்பகுதி திருவுளச்சீட்டு முறையிலேயே வழங்கப்படுகிறது. சீட்டுக் குலுக்கலில் செல்வனும் வறியவனும் சமமே. ஆயினும் தன் விடுமுறையைப் பல மாதங்களுக்கு முன்னரே அறியக்கூடியவன் தானே விண்ணப்பிக்க முடியும்? நாட்கூலி பெறுவோனுக்கு அவ்வசதி இல்லை.

இக்கணிப்புகள் எவற்றிலும் ஆவானீச்சி மக்கள் இடம்பெறவில்லை. பள்ளத்தாக்கில் எஞ்சியிருந்த அவர்களது கடைசிக் குடியிருப்பு 1969 இல் அழிக்கப்பட்டது. உள்மலைகளுக்கு அனுமதிப்பத்திரம் கட்டாயமானது அதற்கு மூன்று ஆண்டுகளின் பின்னராகும். பூங்காவிற் பணிபுரிந்ததனாலேயே அங்கு வாழ இடம்பெற்றிருந்த அவர்களுள் இறுதியானவர், ஓய்வுபெற்று 1996 இல் வெளியேறினார். அழிந்த ஊரின் நிலத்தில் மரபுமுறையான வட்டமனை ஒன்றை அவர்களின் வழித்தோன்றல்கள் கட்டத் தொடங்கினர். கட்டட விதிகளுக்கு இணங்கவில்லையெனப் பூங்கா நிருவாகம் 2011 இல் அதனை இடைநிறுத்தியது. நீண்ட பேச்சுவார்த்தையின் பின் 2018 இல் உடன்படிக்கை கைச்சாத்தாயிற்று. அந்நிலத்தில் வட்டமனையைக் கட்டவும் தம் சடங்குகளை நிகழ்த்தவும் அம்மக்களுக்கு அதனால் உரிமை கிடைத்தது. உடன்படிக்கையின் காலம் 30 ஆண்டுகள்.