160 ஏக்கரும் வீசம் ஏக்கரும்



பிறந்த மண்ணை விட்டு வந்தவர்கள் வந்த மண்ணில் வேரூன்ற எது வேண்டும்? உழைப்பா, மொழியா, நிலமா? இதுதான் இன்றைய கேள்வி. உழைப்பு என்று பேசிய நண்பர் நம் பாட்டன் பாட்டிமார் பட்ட பாட்டை எடுத்துச் சொன்னார். மொழி என்று பேசிய சகோதரி நம் தமிழ்ப்பள்ளிகளை எடுத்துச் சொன்னார். இரண்டையும் நான் மறுக்கவில்லை. ஆனால், நிலம் இல்லையென்றால் அந்த இரண்டுமே நிற்க இடமில்லாமல் போகும் என்பது என் வாதம். இதற்குச் சாட்சியாக நான் அழைப்பது டென்மார்க் நாட்டுக்காரர்களை.

தோட்டத்துத் தமிழனுக்கும் டென்மார்க்குக்கும் என்ன உறவு என்று நீங்கள் கேட்கலாம். உறவு பழையது. 1620-இல் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் செய்துகொண்டு தரங்கம்பாடியில் கோட்டை கட்டியவர்கள் இவர்கள். அவர்கள் ஊருக்கு 1706-இல் வந்த சீகன்பால்கு தமிழ் படித்தார்; அச்சகம் வைத்தார்; பைபிளின் புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சிட்டார். ஆனால் தரங்கம்பாடியில் டேனியர்கள் குடியேறிகள் அல்லர், வியாபாரிகள். இருந்த இடத்துக்குத் தஞ்சைக்கு ஆண்டுதோறும் பணம் கட்டினார்கள். வியாபாரம் படுத்ததும் 1845-இல் ஊரை ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டுப் போனார்கள். 225 ஆண்டுகள் இருந்தும் அங்கே ஒரு டேனிய சமுதாயம் வேரூன்றவில்லை. கோட்டையும் தேவாலயமும் கல்லறைகளுமே மிஞ்சின.

அதே டேனியர்கள் வேறோர் இடத்தில் வேரூன்றினார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் டென்மார்க்கில் ஜனத்தொகை பெருகியது. விளைநிலமோ பெருகவில்லை. அடுத்தவன் வயலில் கூலி வேலை செய்த குடிசைவாசிகளுக்கு நாளை என்று ஒன்று இல்லாமல் போனது. 1864 போரில் நாட்டின் தென்பகுதியும் கைவிட்டுப் போனது. கப்பல் ஏறினார்கள். 1930-க்குள் சுமார் 3 லட்சம் டேனியர்கள் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார்கள். அண்டை நாடுகளான சுவீடனிலிருந்து பத்து லட்சத்துக்கும் மேல். நார்வேயிலிருந்து சுமார் 8 லட்சம்.

அங்கே அவர்களுக்குக் கிடைத்தது என்ன? 1862-இல் அமெரிக்க அரசு ஒரு சட்டம் போட்டது. குடும்பத் தலைவர் ஒருவர் சிறு கட்டணம் கட்டி, 160 ஏக்கர் நிலத்தில் ஐந்து ஆண்டுகள் குடியிருந்து பயிர் செய்தால், அந்த நிலம் அவருக்கே சொந்தம். நெப்ராஸ்காவிலும் டக்கோட்டாவிலும் டேனியர்கள் இப்படி நிலம் பெற்றார்கள். மண்கட்டியை வெட்டி அடுக்கி வீடு கட்டிக்கொண்டார்கள். பனியும் வறட்சியும் வெட்டுக்கிளியும் அவர்களைப் படுத்தின. தோற்றுப் போனவர்களும் உண்டு. ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும்: அந்த நிலம் ஆளில்லாத நிலம் அல்ல. அது செவ்விந்திய மக்களிடமிருந்து பறிக்கப்பட்ட நிலம். ஒருவருக்கு வேர் கிடைத்தபோது இன்னொருவருடைய வேர் அறுந்தது.

அவர்கள் தனித்தனியாக மட்டும் போகவில்லை. 1885-இல் மின்னசோட்டா மாநிலத்தில் இன்று டைலர் என்று அழைக்கப்படும் ஊர்ப் பக்கம், டேனிய சமுதாயத்தார் ரயில் கம்பெனியோடு பேசி, குறிப்பிட்ட காலத்துக்கு அந்த வட்டார நிலத்தை டேனியருக்கே விற்க வேண்டும் என்று ஒப்பந்தம் செய்துகொண்டார்கள். மூன்றே ஆண்டுகளில், 1888-இல், அங்கே டேன்போட் என்ற மக்கள் பள்ளியைத் தொடங்கினார்கள். முதலில் நிலம், அதன்மேல் பள்ளி. இந்த வரிசையைக் கவனியுங்கள்.

இனி நம் கதைக்கு வருவோம். அதே காலத்தில்தான் நம்மவர்களும் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினார்கள். காரணமும் ஏறக்குறைய அதேதான்: நிலமில்லாத கூலி, கடன், 1876 முதல் 1878 வரை வாட்டிய தாது வருஷப் பஞ்சம். நெகிரி செம்பிலானில் 1891-இல் சிரம்பானிலிருந்து போர்ட்டிக்சனுக்கு ரயில் ஓடத் தொடங்கியது. பிறகு ரப்பர் வந்தது. சுவா, லுக்குட், சிலியாவ் என்று அந்த மாவட்டம் முழுக்கக் காடு தோட்டமானது. கங்காணிமார் ஊருக்குப் போய் ஆள் கட்டிக்கொண்டு வந்தார்கள். விடியுமுன் பெரட்டுக்கு நின்று, பால் வெட்டி, வாளி சுமந்தவர்கள் நம்மவர்கள். டேனியக் குடியானவர் பட்ட பாட்டுக்கு இது எந்த விதத்திலும் குறைந்ததல்ல.

ஆனால் நமக்குக் கிடைத்த நிலம் எவ்வளவு தெரியுமா? நெகிரி செம்பிலானும் சேர்ந்திருந்த கூட்டாட்சி மலாய் மாநிலங்களின் தொழிலாளர் சட்டம், குடும்பத்தோடு வாழும் தோட்டத் தொழிலாளிக்குக் காய்கறி போடவும் மாடு மேய்க்கவும் ஏக்கரில் பதினாறில் ஒரு பங்கு ஒதுக்கச் சொன்னது. நம் பழைய கணக்கில் அதற்கு வீசம் என்று பெயர். அங்கே 160 ஏக்கர். இங்கே வீசம் ஏக்கர். அந்த வீசமும் சொந்தமல்ல. வேலை இருக்கும்வரைதான் அது. லயத்து வீடும் அப்படித்தான். வேலை போனால் வீடும் போச்சு, வாழைக் கன்றும் போச்சு.

1930-இல் உலக மந்தம் வந்தது. ரப்பர் விலை விழுந்தது. பல்லாயிரக்கணக்கான நம்மவர்கள் கப்பலேற்றித் திருப்பி அனுப்பப்பட்டார்கள். அமெரிக்காவிலும் அந்த மந்தத்தில் பல விவசாயிகள் அடமானத்தில் நிலத்தை இழந்தார்கள். ஆனால் கூலி தேவையில்லை, டென்மார்க்குக்குத் திரும்பிப் போ என்று அவர்களைக் கூட்டம் கூட்டமாகக் கப்பலேற்ற யாராலும் முடியவில்லை. உழைப்பு என்று பேசிய நண்பருக்கு இதுவே என் பதில். உழைப்பு சமம், பட்டா சமமல்ல.

மலாயாவுக்கும் டேனியர்கள் வந்தார்கள். சயாமில் பொறியாளராக இருந்த ஓகே வெஸ்டன்ஹோல்ஸ் 1906-இல் கீழ்ப்பேராக்கில் ஜெண்டராட்டா ரப்பர் தோட்டத்தைத் தொடங்கினார். யுனைடெட் பிளாண்டேஷன்ஸ் என்று இன்று நாம் அறியும் நிறுவனம் அதிலிருந்து வளர்ந்ததுதான். அங்கே காடு வெட்டியவர்களில் தமிழர்கள் உண்டு. மருத்துவமனை, பள்ளி, முதியோர் இல்லம் என்று தொழிலாளர் நலனுக்குப் பெயர் பெற்ற தோட்டம் அது. அதைப் பாராட்டத்தான் வேண்டும். ஆனாலும் நல்ல துரை கட்டிக்கொடுத்த நல்ல வீடும் தோட்டத்தின் வீடுதான். அமெரிக்காவில் டேனியக் கூலிக்குக் கிடைத்த பட்டா, டேனியரின் தோட்டத்திலேயே தமிழ்க் கூலிக்குக் கிடைக்கவில்லை. ஆளுடைய நல்ல மனம் வேறு, சட்டம் தரும் உரிமை வேறு.

நம்மவர்கள் சும்மா இருந்தார்களா? இல்லை. 1950-களில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றபோது, வாங்கியவர்கள் துண்டு போட்டு விற்றார்கள். தொழிலாளர்கள் தெருவுக்கு வந்தார்கள். அப்போது துன் வீ.தி. சம்பந்தன் தோட்டம் தோட்டமாகப் போய், மாதம் பத்து வெள்ளி கொடுங்கள், தோட்டத்தை நாமே வாங்குவோம் என்றார். 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டத்தை அது வாங்கியது. டைலர் ஊரில் டேனியர்கள் செய்ததும் இதுவும் ஒரே சிந்தனைதான்: தனி ஆளால் முடியாததைச் சேர்ந்து செய்வது. நமக்கு வழி தெரியாமல் இல்லை. அந்த வழியில் போதுமான தூரம் நடக்கவில்லை.

நடக்காததன் விலையைப் பாருங்கள். முதல் உலகப் போரிலிருந்து திரும்பிய ஆங்கில அதிகாரிகள் 1921-இல் பிராங் பெசார் தோட்டத்தை உருவாக்கினார்கள். போருக்குப் போய் வந்தவர்களுக்கு நிலம் கிடைத்தது. மூன்று தலைமுறை அங்கே மரம் வெட்டியவர்களுக்கோ, 1990-களில் அந்த இடம் புத்ராஜெயா ஆனபோது டெங்கிலில் அடுக்குமாடி வீடு கிடைத்தது. சொந்தத் தரைவீடு கேட்டு அவர்கள் நெடுங்காலம் போராட வேண்டியிருந்தது. சுவாவுக்குப் பக்கத்திலேயே சிப்பாங்கில் 1998-இல் விமான நிலையம் திறக்கப்பட்டது. அதுவும் பெரும்பாலும் தோட்டமாக இருந்த மண். நகரம் தோட்டத்தை நோக்கி வந்துகொண்டே இருக்கிறது.

மொழி என்று பேசிய சகோதரிக்கும் ஒரு வார்த்தை. டேனியப் பேரப்பிள்ளைகளில் பெரும்பாலோர் டேனிய மொழியை மறந்துவிட்டார்கள். நாம் தமிழை மறக்கவில்லை. அது நம் பெருமை. ஆனால் அந்தத் தமிழைச் சொல்லிக்கொடுக்கும் எத்தனையோ பள்ளிகள் தோட்டத்து நிலத்தில், தோட்டத்தின் தயவில் எழுந்தவை. கோயிலும் இடுகாடும் அப்படியே. தோட்டம் கைமாறும்போது முதலில் ஆட்டம் காண்பது இவைதான்.

ஆகவே வாதத்தோடு ஒரு வேண்டுகோளையும் வைக்கிறேன். உங்கள் ஊர்க் கோயிலின் நிலம் யார் பெயரில் இருக்கிறது என்று நில அலுவலகத்தில் இந்த மாதமே கேட்டுப் பாருங்கள். பள்ளிக்கும் இடுகாட்டுக்கும் அதையே செய்யுங்கள். தோட்டத்தில் இன்னும் குடியிருப்பவர்கள், தோட்டம் விலை பேசப்படும்வரை காத்திருக்காமல், இப்போதே சேர்ந்து வீட்டுக்கு வழி தேடுங்கள். விற்ற பிறகு கேட்டால் அது கெஞ்சல். விற்குமுன் கேட்டால் அது பேச்சுவார்த்தை.

நடுவர் அவர்களே, உழைப்பை நாம் கொடுத்துவிட்டோம். மொழியைக் காப்பாற்றி வைத்திருக்கிறோம். பாக்கி இருப்பது நிலம் ஒன்றுதான். அதனால் வேரூன்ற வேண்டியது நிலமே என்று தீர்ப்பு வழங்குமாறு கேட்டு அமர்கிறேன்.