மாட் இளைஞர் பண்பாடு

மாட் என்பது 1950களின் இறுதியில் லண்டனில் தோன்றி, 1960களின் நடுப்பகுதியில் பிரித்தானியா முழுவதும் பரவிய இளைஞர் துணைப்பண்பாடு ஆகும். நவீன ஜாஸ் இசை விரும்பிகளைக் குறித்த 'மாடர்னிஸ்ட்' என்ற சொல்லின் சுருக்கமே 'மாட்'. அளவெடுத்துத் தைத்த உடை, அமெரிக்கக் கறுப்பினத்தவரின் இசை, இத்தாலிய ஸ்கூட்டர் ஆகியவை இதன் அடையாளங்கள்.

பின்னணி

இரண்டாம் உலகப் போருக்குப் பின் பிரித்தானியாவில் வேலைவாய்ப்பு பெருகியது. 15 வயதில் பள்ளியை விட்ட இளைஞர்கள் அலுவலகங்களிலும் கடைகளிலும் சேர்ந்து சம்பாதித்தனர். கட்டாயப் படைச் சேவைக்கு ஆள் எடுப்பதும் 1960இல் நின்றது. கையில் பணமும் ஓய்வு நேரமும் உள்ள ஒரு தலைமுறை உருவானது.

ஸ்கூட்டர்

இத்தாலியில் பியாஜியோ நிறுவனம் 1946இல் வெஸ்பாவையும், இன்னொசென்டி நிறுவனம் 1947இல் லாம்பிரெட்டாவையும் அறிமுகப்படுத்தின. கார் வாங்க இயலாத இளைஞர்கள் இவற்றைத் தவணையில் வாங்கினர். சோகோ பகுதியின் நடன விடுதிகள் சில விடியும்வரை நடந்தன. பேருந்துகளும் சுரங்க ரயில்களும் அதற்கு முன்பே நின்றுவிடும். எனவே இரவில் வீடு திரும்ப ஸ்கூட்டர் உதவியது. இயந்திரம் தகடுகளால் மூடப்பட்டிருந்ததால் உடையில் எண்ணெய்க் கறை படிவது குறைந்தது. குளிருக்கு அமெரிக்கப் படையின் பழைய பார்க்கா மேலங்கியைச் சூட்டின்மேல் அணிந்தனர். பலர் வண்டியில் கூடுதல் விளக்குகளும் கண்ணாடிகளும் பொருத்தினர்.

1964 மோதல்கள்

1964 ஈஸ்டர் விடுமுறையில் கிளாக்டனிலும், மே மாத விடுமுறையில் பிரைட்டன், மார்கேட் ஆகிய கடற்கரை நகரங்களிலும் கலவரங்கள் ஏற்பட்டன. தோல் சட்டை அணிந்து மோட்டார் சைக்கிளில் வந்த ராக்கர்களும் மாட்களும் மோதிக்கொண்டதை நாளிதழ்கள் பெரும் போர்போல் சித்திரித்தன. சொத்துச் சேதத்திற்கான தண்டனையைக் கூட்டும் சட்டமும் அவ்வாண்டே இயற்றப்பட்டது.

இந்நிகழ்வுகளை ஆராய்ந்த சமூகவியலாளர் ஸ்டான்லி கோகென் 1972இல் வெளியிட்ட நூலில் வேறொரு சித்திரத்தைத் தந்தார். உண்மையான சேதம் சிறிது. செய்திகளே அதைப் பெருக்கின. அச்செய்திகள் அடுத்த விடுமுறைக்குக் கூட்டத்தை ஈர்த்ததுடன், முன்பு அவ்வளவாகப் பகை பாராட்டாத இரு பிரிவினரையும் எதிரணிகளாக்கின என்று அவர் காட்டினார்.

பிற்காலம்

1960களின் இறுதிக்குள் மாட் பண்பாடு மங்கியது. 1979இல் வெளிவந்த 'குவாட்ரோபீனியா' திரைப்படம் அதன்மீதான ஆர்வத்தை மீண்டும் தூண்டியது. கோகென் பரவலாக்கிய 'அறநெறிப் பீதி' என்ற கருத்தாக்கம், சமூகத்தில் மிகைப்படுத்தப்படும் அச்சங்களை விளக்க இன்றும் பயன்படுகிறது.