கேமரன் மலைத் தோட்டங்களின் காலக்கணக்கு

ஞாயிறும் திங்களும் எல்லா நாட்டினருக்கும் பொதுவாயினும், அவற்றின் ஓட்டத்தை ஆண்டு, மாதம், நாள் எனப் பகுத்து, இன்ன நாளில் வேலை, இன்ன நாளில் விழா என்று வரையறுப்பது மனிதரின் செயலே. ஆகவே ஒவ்வொரு நாட்காட்டியும் ஒரு சமூகத்தின் ஆக்கம். அதை வகுத்தவர் யார், அறிவித்தவர் யார், அதன்படி நடந்தவர் யார் என்னும் வினாக்கள் வரலாற்றுக்கு உரியவை. மலேசியாவின் பகாங் மாநிலத்துக் கேமரன் மலைத் தேயிலைத் தோட்டங்களில் குடியேறிய தமிழர், ஒன்றோடொன்று பொருந்தாத பல காலக்கணக்குகளுக்கு ஒரே வேளையில் உட்பட்டு வாழ்ந்தவர்கள்.

வில்லியம் கேமரன் என்னும் நில அளவையாளர் 1885-இல் இம்மலைப்பகுதிக்குச் சென்று குறிப்பெழுதினார். எனினும், 1925-இல் சர் ஜார்ஜ் மேக்ஸ்வெல் என்னும் ஆங்கிலேய ஆட்சி அதிகாரி இங்கு வந்து பார்த்த பின்னரே இதனை மேம்படுத்தும் முயற்சி வேகம் பெற்றது. 1929-இல் ஜே. ஏ. ரசல் போ தோட்டத்தை நிறுவினார். 1933-இல் கேமரன் வேலி தோட்டம் தொடங்கிற்று. காட்டை அழித்துச் சரிவுகளில் செடி நட்டு, கொழுந்து பறித்த உழைப்பில் பெரும்பங்கு தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களுடையது.

தோட்டத்தின் நாள் பெரட்டில் தொடங்கியது. பெரட்டு என்பது விடியற்காலையில் ஆட்களைத் திரட்டிப் பெயர் கூப்பிட்டு வேலை பிரித்துக் கொடுக்கும் வழக்கம். கிராணி, அதாவது தோட்ட எழுத்தர், வந்தவர் பெயரைச் செக்ரோல் எனப்பட்ட வருகைப் பதிவேட்டில் குறித்தார். மாத முடிவில் சம்பளம் அந்தக் குறிகளைக் கூட்டியே கணக்கிடப்பட்டது. தோட்டத் தொழிலாளிக்கு மாதம் 24 நாளேனும் வேலை தரப்பட வேண்டும் என்னும் விதி 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டத்திலும் இடம்பெற்றது. இவற்றுக்கிடையே தேயிலைச் செடி தன் போக்கில் வேறொரு கணக்கை வைத்திருந்தது. பறித்த இடத்தில் மறுபடி கொழுந்து முற்றிவரும் இடைவெளியே பறிப்புச் சுற்று. கத்தரியும் பொறியும் கொண்டு பறிக்கும் இக்காலத்தில் அது ஏறத்தாழ மூன்று வாரம். கையால் பறிக்கும்போது பொதுவாக அதைவிடக் குறுகியது. டார்ஜிலிங்கிலும் அசாமிலும் குளிர்காலத்தில் செடி உறங்குவதுபோல் இங்கு உறங்குவதில்லையாதலால், சுற்று முடிந்த இடத்திலேயே மறுசுற்று தொடங்க, ஆண்டு என்பது தொடக்கமும் முடிவும் இன்றி ஓடிற்று.

தமிழர் தம்முடன் கொண்டுவந்த பஞ்சாங்கமோ முற்றிலும் வேறான நிலத்துக்கு உரியது. திதி, வாரம், நட்சத்திரம், யோகம், கரணம் என்னும் ஐந்து உறுப்புகளைக் கொண்ட அக்கணிப்போடு, வேனிலும் காரும் பனியும் மாறிவரும் சமவெளியின் பருவங்களும் இணைந்திருந்தன. கடல்மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில், நிலநடுக்கோட்டுக்கு அருகே அமைந்த இம்மலையில் ஆண்டு முழுதும் குளுமை ஒரே சீராக நிலவுகிறது. கத்திரி வெயில் காய வேண்டிய சித்திரையில் இங்கு மழை பொழிகிறது. காவிரியில் புதுப்புனல் வரும் ஆடி இங்கு ஒப்பளவில் மழை குறைந்த காலம். நெல்லே விளையாத சரிவில், கடையில் வாங்கிய அரிசியைக் கொண்டு தைப்பொங்கல் வைக்கப்பட்டது. உழவோடும் பருவத்தோடும் இருந்த பிடிப்பு அறுந்த பின்னும் அம்மாதங்கள் நிலைத்திருந்தமைக்குக் காரணம், தோட்டக் கோயிலின் திருவிழாவும் வீட்டு நோன்பும் மண நாளும் அவற்றைக் கொண்டே குறிக்கப்பட்டமைதான். செக்ரோலில் எழுதப்படாத நாட்களைத் தமக்கென ஒதுக்கிக்கொள்ளும் உரிமையை அம்மக்களுக்குத் தந்தது பஞ்சாங்கமே.

அப்பஞ்சாங்கத்தைக் கடல் கடந்த இடத்துக்குப் பொருத்துவதும் எளிதன்று. சென்னைக்கும் கேமரன் மலைக்கும் நெடுங்கோட்டில் ஏறத்தாழ 21 பாகை வேறுபாடு இருப்பதால், இங்கு ஞாயிறு ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக முந்தி எழுகிறது. கடிகாரமோ இந்திய நேரத்தைவிட இரண்டரை மணி முன்னே நிற்கிறது. ஒரு திதி இந்திய நேரப்படி காலை 5 மணிக்கு முடிவதாகக் கொண்டால், சென்னையில் அது சூரிய உதயத்துக்கு முன்பே கழிந்துவிடும். இங்கே கடிகாரம் 7.30 காட்டும் அவ்வேளையில் ஞாயிறு எழுந்து சிறிது நேரம் ஆகியிருக்கும். உதயத்தில் நிற்கும் திதியே அந்நாளுக்கு உரியது என்னும் விதிப்படி, அதைப் பின்பற்றும் நோன்பு இரு நாடுகளிலும் வெவ்வேறு நாளில் அமையக்கூடும்.

ஆட்சி மாறியபோது காலமும் மாற்றப்பட்டது. 1942-இல் மலாயாவைக் கைப்பற்றிய ஜப்பானியர் கடிகாரங்களை ஒன்றரை மணி முன்னே தள்ளித் தோக்கியோ நேரத்தைப் புகுத்தியதோடு, அவ்வாண்டை 2602 என்று எழுதவும் வைத்தனர். ஜிம்மு என்னும் தொன்மப் பேரரசர் கி.மு. 660-இல் அரியணை ஏறியதாகக் கொண்டு, 1872-இல் ஜப்பானிய அரசு ஏற்படுத்திய ஆண்டுக்கணக்கு அது. புனைவுலகுக்கு நாட்காட்டி வகுக்கும் எழுத்தாளர் செய்வதையே, படைவலிமை கொண்ட அரசொன்று மெய்யான மக்கள் மீது செய்தது. போர் முடிந்ததும் அவ்வாண்டு வழக்கொழிந்தது.

தமிழருள்ளும் புதிதாக ஆக்கப்பட்ட ஆண்டு ஒன்றுண்டு. பிரபவ முதல் அட்சய வரை அறுபது பெயர்கள் சுழலும் முறையில் தொடர்ச்சியான எண் இல்லை என்னும் குறையை நீக்க, வள்ளுவர் பிறப்பைக் கி.மு. 31 எனக் கொண்ட திருவள்ளுவர் ஆண்டு முன்வைக்கப்பட்டு, தமிழ்நாட்டு அரசால் ஏற்கப்பட்டது. தை முதல் நாளே புத்தாண்டு என 2008-இல் இயற்றப்பட்ட சட்டம் 2011-இல் நீக்கப்பட்ட பின்னும், புத்தாண்டு தையிலா சித்திரையிலா என்னும் விவாதம் மலேசியத் தமிழரிடையே உயிர்ப்புடன் தொடர்கிறது. தைப் புத்தாண்டு மக்களின் விருப்பத்தில் வேர்விட்டமையால், ஆணையால் வந்த ஜப்பானிய ஆண்டைப்போல் ஆட்சியோடு மறையவில்லை.

இன்று இத்தோட்டங்களில் நேபாளத்தவரும் வங்கதேசத்தவரும் கொழுந்து பறிக்கின்றனர். அவர்கள் கொண்டாடும் புத்தாண்டும், ஞாயிறு மேட ராசியில் புகுவதை ஒட்டிய பழைய கணிப்பிலிருந்தே தோன்றியமையால், சித்திரை முதல் நாளை ஒட்டியே வருகிறது. முன்வந்த தமிழரும் பின்வந்த இவர்களும் அறியாமலே பகிர்ந்துகொள்ளும் இந்த உறவைச் சம்பளப் பதிவேடு காட்டாது. தோட்டத் தமிழரின் வரலாற்றை எழுத முற்படுவோர், செக்ரோல் ஏடுகளோடு கோயில் அழைப்பிதழ்களையும் கிழிந்துபோன பஞ்சாங்கங்களையும் தேடிச் சேர்த்துக் காக்க வேண்டும். அம்மக்கள் எத்தனை நாள் உழைத்தனர் என்பதை முன்னவை சொல்லும்போது, எந்த நாட்களைத் தமக்கென வாழ்ந்தனர் என்பதற்குப் பின்னவையே சான்று.