கடலடி வெடிப்பு அலைகள்: கிரக்கட்டோவா முதல் நாகப்பட்டினம் வரை

நீருக்கடியில் எரிமலையோ, வெடிமருந்தோ, அணுகுண்டோ வெடிக்கும்போது நீர்ப்பரப்பில் எழும் அலைகள் கடலடி வெடிப்பு அலைகள் எனப்படும். இவற்றை மனிதன் அறிந்துகொண்ட வரலாற்றில் காவிரிப் படுகையின் கடற்கரைக்கும் ஓர் இடம் உண்டு.

நாகப்பட்டினத்துப் பதிவு

1883 ஆகஸ்டு 27 காலை, சுந்தா நீரிணையில் இருந்த கிரக்கட்டோவா எரிமலைத் தீவு வெடித்துச் சிதறியது. ஜாவா, சுமத்ரா கரைகளில் 36,000-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அவர்களுள் பெரும்பாலோரைக் கொன்றது அலையே.

அக்காலத்தில் இந்திய நில அளவைத் துறை நாகப்பட்டினம், சென்னை உள்ளிட்ட துறைமுகங்களில் கடல்மட்டக் கருவிகளை அமைத்திருந்தது. கிணறு போன்ற குழாயில் மிதவை ஏறி இறங்க, அதனுடன் இணைந்த எழுதுகோல் சுழலும் உருளையின் தாளில் கோடு வரையும். கிரக்கட்டோவாவின் அலை அந்தத் தாள்களில் பதிந்தது. அங்கு எழுந்த பேரலை நம் கரையை வந்தடைந்தபோது சிறிய ஏற்ற இறக்கமாகச் சுருங்கியிருந்தது. ஏ. டபிள்யூ. பெயர்டு இப்பதிவுகளைத் தொகுத்து இலண்டன் ராயல் சொசைட்டிக்கு அறிக்கையாக அளித்தார்.

அலை ஏன் தேய்கிறது?

திருவிடைமருதூர் மகாலிங்கசுவாமி கோயில் குளத்தில் ஒரு கல்லை எறிந்தால் விடை தெரியும். வட்டம் விரிய விரிய, அதே ஆற்றல் பெரிய சுற்றளவில் பங்கிடப்படுகிறது. மேலும், ஆழ்நீரில் நீளமான அலைகள் முந்தி ஓட, குறுகிய அலைகள் பின்தங்குகின்றன. இதனால் ஒரே குவியலாக எழுந்த அலை பல சிற்றலைகளாகப் பிரிந்துவிடும்.

வெடிப்பின் ஆற்றலிலும் சிறு பங்கே அலையாகிறது. பெரும்பகுதி அதிர்ச்சி அலையாகவும், விரிந்து சுருங்கும் வாயுக் குமிழாகவும், வெப்பமாகவும் செலவாகிவிடும்.

மனிதன் செய்த சோதனைகள்

இரண்டாம் உலகப் போரின்போது, 1944-45இல், ஆக்லாந்துப் பேராசிரியர் தாமஸ் லீச் தலைமையில் நியூசிலாந்தில் சுமார் 3,700 சிறு வெடிப்புகள் நடத்தப்பட்டன. செயற்கைப் பேரலையைப் போர்க்கருவியாக்குவதே நோக்கம். ஒற்றை வெடிப்பால் அது இயலாது என்பது தெளிவாயிற்று.

1946 ஜூலை 25 அன்று பிகினி பவளத்தீவில் அமெரிக்கா, 27 மீட்டர் ஆழத்தில் சுமார் 23 கிலோ டன் ஆற்றலுள்ள அணுகுண்டை வெடித்தது. 300 மீட்டர் தொலைவில் அலை ஏறத்தாழ 28 மீட்டர் உயர்ந்தது. ஐந்தாறு கிலோமீட்டர் தள்ளியிருந்த கரையை அடைந்தபோது அது 5 மீட்டருக்கும் குறைந்துவிட்டது.

2004 தந்த பாடம்

2004 டிசம்பர் 26 பேரலைக்குப் பின், கடலில் குண்டு வெடித்ததே காரணம் என்ற வதந்தியும் உலவியது. அறிவியல் அதை ஏற்கவில்லை. அலையின் நீளம், அதை எழுப்பிய பரப்பைப் பொறுத்தது. குண்டு கலக்குவது சிறு வட்டத்தை மட்டுமே. அன்றோ 1,200 கிலோமீட்டருக்கு மேல் கடல்தளம் பிளந்து அசைந்தது. அடி முதல் மேல் வரை நீர் முழுவதும் இடம்பெயர்ந்தது. அத்தகைய நீண்ட அலை எளிதில் சிதறுவதில்லை. 4,000 மீட்டர் ஆழத்தில் மணிக்கு 700 கிலோமீட்டர் வேகத்தில் அது ஓடும். சுமத்ராவில் நிலம் அதிர்ந்து சுமார் இரண்டரை மணி நேரத்தில் நாகப்பட்டினத்தை அடைந்தது. அம்மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர்.

அந்த இரண்டரை மணி நேரம் எச்சரிக்கைக்குப் போதுமானது. எச்சரிக்க அமைப்புதான் அன்று இல்லை. 2007 அக்டோபரில் ஐதராபாத்தில் இந்திய ஆழிப்பேரலை முன்னெச்சரிக்கை மையம் தொடங்கப்பட்டது. 1883இல் அலை கடந்து சென்றதை மட்டும் எழுதிவைத்த கடல்மட்டக் கருவியின் வழித்தோன்றல்கள், இன்று அலை கரையேறும் முன்பே செய்தி அனுப்புகின்றன.