புறம்போக்கு நிலமும் நொய்யலாறும்

'புறம்போக்கு' என்னும் சொல் இந்நாளில் வசைச்சொல்லாகவும் வழங்குகின்றது. நிலவருவாய்க் கணக்கிலோ அது வரிவிதிப்பின் புறத்தே நின்ற நிலத்தைக் குறித்தது. வரிக்குப் புறம்பானது ஊர்க்கும் புறம்பானதன்று என்பதை ஈண்டு ஆராய்வோம்.

முதலாம் இராசராசன் (கி. பி. 985-1014) தஞ்சைப் பெரிய கோயிலுக்கு அளித்த ஊர்களைக் கூறும் கல்வெட்டுக்கள், ஊர்நத்தம், குளம், வாய்க்கால், சுடுகாடு முதலியவற்றை வரிநிலத்தினின்றும் கழித்துக் காட்டுகின்றன. பலர்க்கும் பயன்பட்டமையே அவற்றை இறையிலியாக்கியது எனக் கருதுகின்றோம். எனினும் சேரிகள் வேறுபிரித்துச் சுட்டப்படுதலின், அப்பொதுமை அனைவர்க்கும் ஒப்ப வாய்த்தது என்று கொள்ளுதல் பொருந்தாது.

1799-இல் கொங்குநாடு கும்பினியார் ஆட்சிக்குட்பட்டது. இரயத்துவாரி முறையில் உழவர்க்குப் பட்டா வழங்கப்பெற்றது. பட்டாவில் அடங்காதவை அரசின் கணக்கில் நின்றன. 1905-ஆம் ஆண்டுச் சென்னை நில ஆக்கிரமிப்புச் சட்டம், பிறர்க்கு உரிமைப்படாத பாதை, ஆறு, ஏரி முதலியன அரசின் உடைமை என்று விதித்தது. ஊரார் துய்த்தது அரசின் சொத்தாயிற்று.

அரசு உடைமையாளனா, பொறுப்பாளனா என்னும் வினா இங்கே எழுகின்றது. இமாசலப் பிரதேசத்துப் பியாசு ஆற்று வழக்கில், 1996 திசம்பரில், இயற்கை வளங்களை மக்கட்காகக் காக்கும் பொறுப்பாளனே அரசு என உச்சநீதிமன்றம் தெளிவுறுத்தியது.

இதன் அருமையைத் திருப்பூர் வழியோடும் நொய்யல் உணர்த்தும். பாசனத்திற்கென 1992-இல் எழுந்த ஒரத்துப்பாளையம் அணை, சாய, சலவைப் பட்டறைகளின் கழிவுநீர் தேங்குமிடமாயிற்று. ஆயக்கட்டு உழவரே வழக்காடினர். கழிவை முற்றும் வெளிவிடாத நிலை எய்தும்வரை பட்டறைகளை மூடுமாறு 2011 சனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையிட்டது. அதனால் தொழிலாளர் பலர் வேலையிழந்து இடருற்றனர் என்பதும் மறத்தற்கில்லை. அதே திங்களில் உச்சநீதிமன்றம், ஊர்ப்பொது நிலங்களின் ஆக்கிரமிப்பை அகற்றுமாறு எல்லா மாநிலங்களையும் பணித்தது. நிலமற்ற தொழிலாளர்க்கு முறைப்படி வழங்கப்பெற்ற இடங்கட்கு விலக்கும் அளித்தது.

இவ்விரு தீர்ப்புக்களையும் ஒருங்குவைத்து நோக்குவார்க்கு ஓர் உண்மை புலனாகும். ஆக்கிரமிப்புச் சட்டம் நிலத்தின்மீது அமர்ந்தவனைக் காணும். குடிசையிட்ட ஏழை எளிதில் அகப்படுவான். ஆற்றில் கழிவை விடுத்தவனோ ஒரு முழ நிலத்தையும் வளைத்தானல்லன். ஆயினும் கீழ்மடை உழவர் அனைவருடைய பயனையும் கவர்ந்தான். ஆகவே, பொதுநிலக் காப்பு என்பது எல்லைக்கல்லைக் காப்பதோடு அமைவதன்று. அந்நிலம் யார்க்குப் பயன்பட வேண்டுமோ அவர்தம் துய்ப்புரிமையைக் காப்பதேயாம் என்பது எம் துணிபு.